கடைசியாக வரும் சிரிப்பு

கதாநாயகனுக்கு நண்பனாகவே காலம் தள்ளிய அந்த நடிகர் வாயைத் திறந்தால், அவர் வீட்டுச் சுவர்கள் சிரிக்கும். அது ஒரு செவ்வாய்க்கிழமை தொடங்கியது. தொலைக்காட்சி நகைச்சுவைத் தொடரில் அவர் வசனம் முடிந்ததும், முன்பே பதிவுசெய்து வைத்த சிரிப்பை ஒலிப்பதிவாளர் பெட்டியிலிருந்து திறந்துவிடுவார். அன்று பெட்டி பழுதுபார்க்கப் போயிருந்தது; சிரிப்பு மட்டும் வேளை தவறாமல் வந்தது. வேலை மிச்சமென்று இயக்குநர் அடுத்த காட்சிக்குப் போனார். சாயங்காலம் அந்தச் சிரிப்பு நடிகரோடு பேருந்தில் ஏறி வீடு வந்து சேர்ந்தது.

அக்கம்பக்கம் முகம் சுளித்தது, பிறகு பழகிக்கொண்டது. இருமல் மருந்து கேட்டால் மருந்துக்கடை அலமாரி சிரிக்கும். கடைக்காரர் நிமிர்ந்துகூடப் பார்க்காமல் சீசாவை நீட்டுவார். அண்ணன் இறந்தபோதுதான் வினை. "போயிட்டியே அண்ணா!" என்று அவர் கதறியதும் கூடமே குபீரென்று சிரித்தது. இனி உங்கள் முகத்தில் விழிக்க மாட்டேன் என்றாள் அண்ணி. அன்றோடு படப்பிடிப்புக்கு வெளியே பேச்சை நிறுத்தினார். திரையில் அறை வாங்கியும் வழுக்கி விழுந்தும் வருஷங்கள் ஓடின. கதாநாயகர்கள் மாறினார்கள், அவர் நண்பனிலிருந்து சித்தப்பாவுக்கு உயர்ந்தார். வீட்டில் மனைவியிடம் எல்லாம் கைஜாடைதான்.

மனைவி அதே படப்பிடிப்புத் தளத்தில் தையல்காரியாக இருந்தவள். நெஞ்சு நோயில் படுத்தவள் ஒரு மத்தியானம் கேட்டேவிட்டாள்.

"ஊருக்கெல்லாம் பேசுற வாய், எனக்கு மட்டும் பூட்டா? நான் போறதுக்குள்ள ஒரு வார்த்தை பேசுங்களேன்."

அவர் சுவரைக் காட்டித் தலையசைத்தார். சாகக் கிடப்பவளைப் பார்த்து வீடே சிரிப்பதா?

"சிரிச்சா சிரிச்சுட்டுப் போகட்டும். சுவரென்ன, என் மாமியாரா?"

நாற்காலியை அருகே இழுத்துப் போட்டார். "நீ இல்லாம எனக்கு ஒரு பொத்தான்கூடத் தைக்கத் தெரியாதுடி" என்றார். சுவர்கள் விழுந்து விழுந்து சிரித்தன. முன்பெல்லாம் சிரிப்பு கிளம்பியதுமே எழுந்து ஓடிவிடுவார்; ஆனால் அவள் கையைப் பிடித்திருந்தாள். சிரிப்பு மெல்ல ஓய்ந்தது. எல்லாம் அடங்கிய பிறகு, ஒரே ஒரு பெண்குரல் மட்டும் தனியாகக் களுக்கென்றது.

"அட, அது நான்தான்!" என்றாள் அவள். "சிரிப்பைப் பதிவு பண்ணுன அன்னைக்கு ஆள் பத்தலைன்னு, ஊசியும் கையுமா இருந்த என்னையும் இழுத்து உட்கார வச்சாங்க. உங்க ஜோக்கு எனக்கு என்னைக்கு உடனே புரிஞ்சிருக்கு?"

அதன் பிறகு பாருங்கள், அவர் வாய் ஓயவில்லை. பல வருஷத்துப் பேச்சையும் கொட்டித் தீர்த்தார். ஒவ்வொரு முறையும் இருவரும் அந்தக் கடைசிச் சிரிப்புக்காகக் காதைத் தீட்டிக்கொண்டு காத்திருந்தார்கள். மழைக்காலத்தில் அவள் போய்ச்சேர்ந்தாள். சுவர்களின் கூட்டமும் அன்றே கலைந்துவிட்டது.

இப்போது அவரே சமைத்துக்கொள்கிறார். தட்டோடு உட்கார்ந்து, "இன்னைக்கும் உப்பு தூக்கல்" என்பார். வீடு சும்மா இருக்கும். அவர் அவசரப்படுவதில்லை. அவளுக்குப் புரியும்வரை கையைத் தட்டிலேயே வைத்திருந்து, அந்த ஒற்றைச் சிரிப்பு வந்ததும் சாப்பிடத் தொடங்குவார்.