மரினால்வாவின் ஏழாம் நிலை

எரால்டோ ஹாலந்துக்குப் போன நாற்பதாம் நாள், செவ்வாய்க்கிழமை காலை ஆறு மணிக்கு, அவனுடைய டிராம்போனின் இழுகுழாய் கடல் தாண்டி, சொந்த ஊரான லகோவா தோ சீனோவில் அவன் அக்கா மரினால்வாவின் அடுப்படிச் சுவர் வழியாக ஒரு சாண் வெளியே வந்து, மக்காச்சோளப் புட்டு வெந்துகொண்டிருந்த பானையைத் தட்டிவிட்டு, வந்த வழியே திரும்பிப் போனது. சுவரில் ஓட்டை ஏதும் விழவில்லை. மரினால்வா முதலில் பானையை நிமிர்த்தினாள், அப்புறம் அடுப்பைத் துடைத்தாள், அதற்கப்புறம்தான் வந்தது என்ன என்று யோசித்தாள். ரொம்ப நேரம் யோசிக்க வேண்டியிருக்கவில்லை. பித்தளை வளைவில் ஒரு நசுங்கல் இருந்தது. என்றைக்கோ ஒரு கார்னிவலில் எதிர்க்கோஷ்டிக்காரன் விட்டெறிந்த மாங்காய் பட்ட இடம் அது. அவர்கள் அப்பாவின் டிராம்போன்தான், சந்தேகமே இல்லை.

அந்த டிராம்போனில் குழாயை முன்னும் பின்னும் இழுத்துத்தான் ஸ்வரம் பிடிக்க வேண்டும். அதற்கு ஏழு நிலைகள். ஏழாவது, கை கடைசிவரை நீண்டால்தான் எட்டும். இந்தக் குடும்பத்திலோ எல்லோருக்கும் கை குட்டை. அப்பா ஒட்டாசீலியோ லீரா பேண்டில் நாற்பத்தொரு வருஷம் மூன்றாம் டிராம்போனாக இருந்தவர். தோளை வெட்டி, இடுப்பை நெளித்து, எப்படியோ எட்டிவிடுவார். மகனுக்கு அந்த வித்தையும் வரவில்லை. "நீட்டுடா! இன்னும் நீட்டு! சொத்தையா கேட்டேன், கையைத்தானே கேட்டேன்!" என்று அவர் கத்துவது மூன்று தெருவுக்குக் கேட்கும். அவர் கண்ணை மூடியதும் பேண்டில் அவர் நாற்காலி மகனுக்கு வந்தது. மகன் ஜாஸ் ஜாஸ் என்று பெருநகரமான ரெசிஃபெக்குப் போனான், அங்கிருந்து ஹாலந்தில் குரோனிங்கன் என்கிற குளிர் பிடித்த ஊருக்கு, இசைக்கல்லூரி வாத்தியார் வேலைக்குப் போனான். அந்த நாற்பதாம் நாள், வேலைக்கான தேர்வில் ஐந்து நடுவர்கள் முன்னால் பல் தந்தியடிக்க நின்றபோது அப்பாவின் கத்தல் காதில் விழ, வாழ்க்கையில் முதல்முறையாகக் கையை முழுசாக நீட்டினான். நீட்டியது கொஞ்சம் கூடிப்போய்விட்டது. வேலை கிடைத்தது.

அன்றிலிருந்து எரால்டோவின் வெளிநாட்டு வாழ்க்கை முழுவதும் மரினால்வாவின் அடுப்படியில்தான் நடந்தது. அவன் கச்சேரி செய்தால் இவள் டம்ளர்களை நகர்த்திவைப்பாள். குழாயின் வளைவில் ஒரு சின்னத் திறப்பு உண்டு. ஊதுகிறவன் மூச்சு உள்ளே தண்ணீராகத் தேங்கினால் திறந்து சொட்டவிடுவார்கள். அதுவும் இங்கேதான் சொட்டியது. மரினால்வா போன் போட்டாள்.

"டேய், உன் எச்சிலெல்லாம் என் தரையில சொட்டுதுடா."

"எச்சில் இல்லக்கா, மூச்சுத் தண்ணி."

"என்ன எழவா இருந்தா என்ன, துடைக்கறது நான்தானே? பெரிய புரொபசர் ஆயிட்டான், இன்னும் இவன் வாயை நான்தான் துடைக்கணும்."

இரண்டாம் வருஷம் அவனுடைய மாணவர்களும் வர ஆரம்பித்தார்கள். மாணவர்கள் என்றால், அவர்களின் குழாய்கள். ஏழாம் நிலையை எரால்டோ சொல்லிக்கொடுத்த விதத்தில் நீட்டியவர்கள் எல்லோரும் நேரே லகோவா தோ சீனோவுக்குத்தான் வந்து சேர்ந்தார்கள். பார்க்காமலேயே மரினால்வாவுக்கு ஒவ்வொருவரையும் தெரியும். ஒருவன் எண்ணெயை அப்பிக்கொண்டு வருவான். ஒருவன் எப்போதும் அரை விரல் குறைவு, சோம்பேறி. ஃபெம்கே என்கிற பெண்ணின் குழாய் காய்ச்சல்காரி மாதிரி நடுங்கும். நடுங்கினால் மரினால்வா மரக்கரண்டியால் லேசாக ஒரு தட்டு தட்டுவாள். குழாய் சட்டென்று நேராகிவிடும். இரண்டு வருஷம் தட்டியதில் ஃபெம்கே தேறிவிட்டாள். ஹாலந்துப் பத்திரிகைகள் இதை எரால்டோ முறை என்று எழுதின. கரண்டியைப் பற்றி ஒருத்தரும் எழுதவில்லை.

இதெல்லாம் சரி. மரினால்வாவின் கவலை வேறொன்று, அப்பாவின் நாற்காலி. ஊரில் இரண்டு பேண்ட்: லீரா, எஸ்ட்ரெலா. பிறந்த குழந்தைக்குப் பெயர் வைப்பதற்கு முன்பே அது எந்தப் பேண்ட் என்று முடிவாகிவிடும். எஸ்ட்ரெலா தெருவில் வாசித்துக்கொண்டு போனால் லீரா வீடுகளில் ஜன்னலைச் சாத்துவார்கள், எவ்வளவு புழுக்கமானாலும். லீராவின் விதிப்புத்தகத்தில் பதினான்காம் விதி இப்படி: நவம்பர் இருபத்திரண்டு, இசைக்காரர்களைக் காக்கும் புனித செசிலியாவின் ஊர்வலத்தில், கையில் வாத்தியத்தோடு வராதவனுக்கு நான்கு வருஷம் மன்னிப்பு, ஐந்தாம் வருஷமும் வராவிட்டால் அன்று மாலையே நாற்காலி போய்விடும். யாருக்குப் போகும் என்பதும் ஊருக்கே தெரியும். மருந்துக்கடை எவிலாசியோ. எஸ்ட்ரெலாவில் பிறந்து, கல்யாணத்துக்காக லீராவுக்குத் தாவியவன். வருஷா வருஷம் டிராம்போனைப் பளபளவென்று துடைத்து எடுத்துக்கொண்டு ஊர்வலத்தோடு நடைபாதையில் கூடவே நடப்பான். அப்பா உட்கார்ந்த நாற்காலியில் எஸ்ட்ரெலாக்காரன் உட்காருவதா! நினைத்தாலே மரினால்வாவுக்குக் கை தையல் மெஷினில் ஓடாது. லீராவின் இருபத்தாறு பேருக்கும் சீருடை தைப்பவள் அவள்தான். பெண்களை லீரா சேர்த்துக்கொண்டதில்லை. தைக்கச் சொல்லிக் கேட்டதோடு சரி.

நான்கு வருஷமும் எரால்டோ வரவில்லை. ஐந்தாம் வருஷம் வருகிறேன் என்று செசிலியா மேல் சத்தியம் செய்தான். அக்டோபரில் போன் வந்தது.

"அக்கா, அன்னிக்குத்தான் எனக்கு விருது குடுக்கறாங்க. சிறந்த ஆசிரியராம்."

"என் கரண்டிக்கா குடுக்கறாங்க?"

"அக்கா..."

"அப்பா நாற்காலிடா அது! பித்தளைக் கேடயத்து மேலயா உட்காரப் போற?" பிறகு மரினால்வாவே சொன்னாள்: "சரி, வராட்டிப் போ. ஊர்வலம் இங்க நாலு மணிக்கு, அங்க அப்ப எட்டு. நீட்டு. மத்ததை நான் பாத்துக்கறேன்."

குழாய் வருவது அடுப்படிக்கு அல்ல, தனக்குத்தான் என்பதை அவள் அதற்குள் கண்டுபிடித்திருந்தாள். ஒருமுறை ரொட்டிக்கடை வரிசையில் அவள் முழங்கைப் பக்கமாக நீண்டு, எஸ்ட்ரெலா குழலூதியின் பெண்டாட்டி தலைத்தொப்பியைத் தட்டிவிட்டது. அந்தச் சண்டை எட்டு மாதம் ஓடியது. இப்போது அவள் பேண்ட் மாஸ்டர் நிவால்டினோவிடம் போய் நின்றாள். அவருடைய கால்சட்டை இடுப்பை ஐந்து தடவை பெரிதாக்கிக் கொடுத்து, வெளியே மூச்சுவிடாதவள் அவள். அந்த நன்றிக்கு அவர் ஊர்வலத்தில் நடந்துகொண்டே வாசிக்க ஒரு புது மெட்டு, ஒரு மார்ச், எழுதினார். அதில் மூன்றாம் டிராம்போனுக்கு ஐந்தே ஸ்வரம், ஐந்தும் ஏழாம் நிலையில் மட்டும். தாளின் நகல் தபாலில் ஹாலந்துக்குப் போனது. விருது மேடையில் தன்னோடு சேர்ந்து வாசிக்க எரால்டோ அதை மாணவர்களுக்கும் கொடுத்தான்.

நவம்பர் இருபத்திரண்டு, நாலு மணி. மரினால்வா, சாம்பல் நிறக் கவுனில், மூன்றாம் டிராம்போனின் காலி இடத்துக்குப் பக்கத்தில் நடந்தாள். லீராவின் தலைவர் அப்டோரால் வருகைப் பதிவேட்டோடு முன்னால் போனார். மார்ச் தொடங்கியதும் காற்றிலிருந்து முதலில் ஃபெம்கேயின் குழாய் வந்தது, பிறகு எண்ணெய்க்காரன், சோம்பேறி, இன்னும் எட்டுப் பேர். கடைசியாக நசுங்கிய குழாய். மரினால்வா அதை எட்டிப் பிடித்தாள், பிடித்தபடியே மாதா கோயில்வரை நடந்தாள். சத்தம் மட்டும் வரவில்லை. சத்தம் வரும் வாய் ஹாலந்தில் இருந்ததல்லவா. ஐந்து ஸ்வரமும் அங்கேதான் கேட்டன. நடைபாதையில் நின்ற எஸ்ட்ரெலாக்காரர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். "ஊமை டிராம்போன் டோய்! சம்பளத்தை வெளிநாட்டுல வச்சுக்கிட்டு எச்சிலை மட்டும் ஊருக்கு அனுப்பிருக்கான்!"

அன்று மாலை லீராவின் குழு மூன்று மணி நேரம் கூடியது. அப்டோரால், தான் பிடித்த முயலுக்கு மூன்றே கால் என்கிற மனிதர். "வாத்தியம் வந்துச்சா? வந்துச்சு. கையில இருந்துச்சா? இருந்துச்சு. யார் கை?" என்று கேட்டார்.

"என் கைதான். ஆனா தம்பிக்காகத்தானே புடிச்சேன்!"

"விதியில யாருக்காகன்னு இல்லம்மா. கைன்னுதான் இருக்கு." எரால்டோவின் பெயரை அடித்தார், அதற்கு மேல் மரினால்வா என்று எழுதினார். பெண் என்பதால் நான்கு வருஷ மன்னிப்பு கிடையாது, ஒரு வருஷம் கை காலியாக இருந்தாலும் நாற்காலி எவிலாசியோவுக்கு என்று கீழே ஒரு வரியும் சேர்த்தார்கள். மரினால்வா வீட்டுக்குப் போய் அழுதாள். அழுதுகொண்டே இருபத்தேழாவது சீருடைக்குத் துணி வெட்டினாள். அளவெடுக்க ஆளில்லாமல் தன்னைத்தானே அளந்தாள்.

மறுநாள் போனில் எரால்டோ எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டான். "அப்ப அப்பா நாற்காலியில யாரு?"

"நான்தான்டா."

"கால் தரையில எட்டுதா?" என்று கேட்டான்.

"எட்டல. அட்டைப்பெட்டி வச்சிருக்கேன்."

எரால்டோ சிரித்தான். அதன்பிறகு பதினான்கு வருஷம், எந்த விருது வந்தாலும், காய்ச்சலே வந்தாலும், நவம்பர் இருபத்திரண்டு எட்டு மணிக்கு அவன் நீட்டத் தவறியதில்லை. பதினான்கு வருஷமும் மரினால்வாவின் கை காலியாக இருந்ததில்லை. அந்த ஐந்து ஸ்வரம் வரவேண்டிய இடத்தில் மார்ச்சில் விழும் அமைதிக்கு ஊர் பழகிப்போனது. அந்த இடத்தில் சிலுவை போட்டுக்கொள்வார்கள், கைக்குழந்தைகள் அழுகையை நிறுத்தும். எஸ்ட்ரெலாக்காரர்கள்கூட ஜன்னலைக் கொஞ்சம் திறந்துவைப்பார்கள், ஒத்துக்கொள்ளத்தான் மாட்டார்கள்.

பதினைந்தாம் வருஷம் எரால்டோ ஓய்வு பெற்று ஊருக்கே வந்துவிட்டான். தலை நரைத்து, பேச்சில் லேசாக ஹாலந்து வாடை. அவனுடைய வேலையில் ஃபெம்கே உட்கார்ந்தாள். ஊர்வலத்தில் அவனுக்கு இடமில்லை, சீருடையும் இல்லை. அக்காவுக்குப் பின்னால் கோட்டு போட்டுக்கொண்டு நடக்க அப்டோரால் பெருந்தன்மையாகச் சம்மதித்தார். மரினால்வா வழக்கம்போல் கையை முன்னால் நீட்டிக் காத்திருந்தாள். மார்ச் தொடங்கியது. எரால்டோ ஊதினான். முதல் ஸ்வரத்துக்கே தெரு திடுக்கிட்டது. "யாருப்பா நடுவுல கத்தறது?" என்று ஜன்னல்களிலிருந்து குரல் வந்தது. சிலுவை போடப்போன கைகள் பாதியில் நின்றன, இரண்டு குழந்தைகள் வீறிட்டன. அவன் ஏழாம் நிலைக்கு நீட்டினான். ஒரு முழத் தூரத்தில் இருந்த அக்காவின் கைக்குக் குழாய் வரவில்லை. காற்றுக்குள் போய் மறைந்தது.

மரினால்வாவின் கை காலி. அப்டோரால் பதிவேட்டோடு திரும்பினார். நடைபாதையிலிருந்து எவிலாசியோ ஒரு காலைத் தெருவில் வைத்தான். எரால்டோ அக்காவின் கையைப் பார்த்தான். அந்தக் குட்டைக் கை, தோளிலிருந்து விரல் நுனிவரை, அப்பா தொண்டை கிழியக் கத்திக் கேட்டதுபோலவே முழுசாக நீண்டிருந்தது. அவன் ஊதுவதை நிறுத்தினான், குழாயை இழுத்து மூடினான், அப்பாவின் டிராம்போனை அப்படியே அந்தக் கையில் வைத்தான். பிறகு இரண்டு கையையும் கோட்டுப் பைக்குள் விட்டுக்கொண்டு நடந்தான். ஐந்து ஸ்வரத்தின் இடம் வழக்கம்போல் அமைதியாகக் கடந்தது. அப்பாடா என்று ஊர் சிலுவை போட்டுக்கொண்டது. எவிலாசியோ காலை எடுத்துக்கொண்டான். அப்டோரால் எழுதினார்: மூன்றாம் டிராம்போன், வருகை.

அன்று மாலை ஹாலந்திலிருந்து போன் வந்தது. ஃபெம்கே. வாத்தியாரிடம் பழகிய பேச்சில் தட்டுத்தடுமாறிச் சொன்னாள், எட்டு மணிக்கு அடுப்படிச் சுவரிலிருந்து ஒரு நசுங்கிய குழாய் வந்து பால் கோப்பையைக் கவிழ்த்துவிட்டுப் போனது, முதலில் கோப்பையை நிமிர்த்திவைத்தேன் என்று.

"அதான் சரி," என்றாள் மரினால்வா. "இன்னிக்கு வந்தது உன் வாத்தியார், இனிமே அது நான்தான்மா. நாளையிலேருந்து தம்பிகிட்ட ஊதப் பழகப்போறேன். நடுங்குச்சுன்னா கரண்டியால ஒரு தட்டு தட்டு. அப்புறம், தரைத்துணி ஒன்னு பக்கத்துலயே வச்சுக்கோ."