ழில்பேர் சாகாத படம்

ழில்பேர் எந்தப் படத்திலும் பிழைத்ததில்லை. சுட்டுக் கொன்றார்கள், தூக்கில் தொங்கவிட்டார்கள், ஓடுகிற ரயிலின் கூரையிலிருந்து உதைத்துத் தள்ளினார்கள். அப்படியும் காரைக்காலுக்கு அவன் அலுக்கவில்லை. இத்தாலிக்காரர்கள் ஸ்பெயின் பொட்டலில் எடுக்கும் கௌபாய் படங்கள் உலகமெல்லாம் சுற்றி, கீறல் விழுந்து, கடைசியில் நம் ஊர்க் கொட்டகைக்கு வந்து சேரும். ழில்பேர் தலை தெரிகிற படம் என்றால் கொட்டகைக்காரர் மாட்டுவண்டியில் தட்டி கட்டி, 'நமதூர் ழில்பேர் சாகும் காட்சியைக் காணத் தவறாதீர்கள்' என்று எழுதி அனுப்பிவிடுவார். அவன் குதிரையிலிருந்து விழுந்ததும் தரை டிக்கெட் மொத்தமும் 'ஒன்ஸ் மோர்' என்று கூச்சல் போடும். ஆப்பரேட்டர் பீர் மைதீன் ரீலைப் பின்னால் சுற்றி இன்னொரு தடவை சாகடிப்பான்.

இதைப் பார்த்து வயிறு எரிந்தவன் ஊரிலேயே ஒருவன்தான். அவன் பெயர் மருதையன்.

கொஞ்சம் நியாயமும் அவன் பக்கம் இருந்தது. பகலில் அவன் மின்சார இலாகாவில் மீட்டர் பார்ப்பவன். சாயங்காலம் ஊர் நாடக மன்றத்தின் கதாநாயகன். அந்த வேஷத்தை இன்னொருவன் தொட விட்டதில்லை. அவன் ராஜாவாக நிற்கும்போது பின்னால் ஈட்டியைப் பிடித்துக்கொண்டு நின்றவன்தான் ழில்பேர். ஒரு வரி வசனம் கொடுத்தால் அதிலும் பாதியை விழுங்கிவிடுவான். இருவரும் ஒரே தெரு, ஒரே வகுப்பு. காரைக்காலைப் பிரெஞ்சுக்காரர்கள் சட்டப்படி இந்தியாவிடம் ஒப்படைத்த அறுபத்திரண்டில், பிரெஞ்சுக் குடியுரிமை வேண்டுமா என்று ஊராரைக் கேட்டபோது ழில்பேரின் அப்பா போய்க் கையெழுத்துப் போட்டார். மருதையனின் அப்பா 'நமக்கெதுக்கு அந்த வம்பு' என்று வெற்றிலை போட்டுக்கொண்டார். வித்தியாசம் அவ்வளவுதான். ழில்பேர் பிரெஞ்சுப் பட்டாளத்துக்குப் போனான். பட்டாளத்தை விட்டதும் பிரான்சிலேயே மர்செய் துறைமுகத்தில் மூட்டை தூக்கினான். அங்கே எவனோ அவன் கறுப்பையும் கன்னத்து எலும்பையும் பார்த்து மெக்சிகோக்காரன் வேஷத்துக்குக் கூட்டிப்போனான். கழுத்து முறியாமல் குதிரையிலிருந்து விழத் தெரிந்தால் போதுமாம்.

"எங்கப்பா அன்னிக்கு ஒரு நடை எழுந்து போயிருந்தா இன்னிக்கு நான்தான் அங்க விழுந்துகிட்டு இருப்பேன்" என்று மருதையன் புலம்புவான்.

"விழுறதுக்கா இவ்ளோ ஏக்கம்?" என்பாள் அவன் மனைவி பெரியநாயகி.

அவளுக்கு என்ன தெரியும்? இருந்தாலும் மருதையனுக்கு ஓர் ஆறுதல் இருந்தது. ழில்பேர் விழுகிறானே தவிர நடிப்பதில்லை. ஊர் எவ்வளவு வேண்டுமானாலும் கைதட்டட்டும். நடிகன் என்று சொன்னால் இந்த ஊரில் மருதையன் ஒருவன்தான். அந்த ஒன்றை வைத்துக்கொண்டுதான் அவன் காலம் தள்ளினான்.

எழுபத்தாறாம் வருஷக் கோடையில் அதற்கும் ஆபத்து வந்தது. ழில்பேர் லீவில் ஊருக்கு வந்திருந்தான். அவன் நடித்த படம் ஒன்று அந்த ஞாயிற்றுக்கிழமை மேட்னியில் ஆரம்பம்.

"மேட்னிக்கு நீ என் பக்கத்துலதான் ஒக்காரணும்டா" என்றான் மருதையனிடம். "அம்மாவையும் எப்படியோ சம்மதிக்க வச்சிட்டேன்."

அவன் அம்மா ஜெனேவியேவ் அதுவரை மகனின் படம் ஒன்றைக்கூடப் பார்த்ததில்லை. பெத்த பிள்ளை சாவறதைக் காசு குடுத்துப் பாக்கச் சொல்றீங்களா என்று, கொட்டகைக்குக் கூப்பிட்டவர்களிடமெல்லாம் சண்டைக்குப் போவார்.

படப்பெட்டி வந்துவிட்டால் பீர் மைதீன் அறுந்த இடங்களை ஒட்டி, வெறும் கொட்டகையில் ஒருமுறை ஓட்டிப் பார்ப்பது வழக்கம். ஞாயிற்றுக்கிழமை காலையில் மருதையன் அங்கே போய் உட்கார்ந்துகொண்டான். ழில்பேர் எப்படித்தான் உளறியிருக்கிறான் பார்ப்போம் என்கிற எண்ணம்தான்.

ழில்பேர் இதில் கதாநாயகனின் கூட்டாளிகளில் ஒருத்தன். கடைசி ரீலில் கதாநாயகனுக்கு வந்த குண்டை இவன் வாங்கிக்கொள்கிறான். வழக்கமாக அத்தோடு முடிந்துவிடும், இந்தத் தடவை முடியவில்லை. கேமரா அவன் முகத்தை விட்டு நகரவே இல்லை. சாகப்போகிறவன் ஏதோ தொந்தரவு கொடுத்துவிட்டதைப் போலக் கூச்சப்பட்டு ஒருமுறை சிரித்தான். கை மணலில் தொப்பியைத் துழாவியது. கிடைத்ததும் அதைத் தன் முகத்தின் மேல் தானே கவிழ்த்துக்கொண்டான், கூட்டாளி பார்க்க வேண்டாமென்று. வசனம் கிடையாது. கை மட்டும் மெல்ல வழுக்கி விழுந்தது.

மருதையனுக்குக் கண் கலங்கிவிட்டது. கலங்கிய மறுநொடியே வயிறு பற்றி எரிந்தது. ஈட்டி பிடித்த பயலா இது? இத்தனை வருஷம் மேடையில் மார்பில் அடித்துக்கொண்டு, முழ நீளத்துக்கு வசனம் பேசி, தான் செத்த சாவெல்லாம் வெறும் கூச்சல் என்று அவனுக்கு அந்த இடத்திலேயே தெரிந்துபோனது. சாயங்காலத்துக்குள் ஊருக்கும் தெரிந்துவிடும்.

மேலே ஆப்பரேட்டர் அறைக்கு ஏறிப் போய் பீர் மைதீனிடம் முகத்தை உருக்கமாக வைத்துக்கொண்டு சொன்னான்: "இன்னிக்கு அந்தம்மா வர்றாங்க தெரியுமா? ஏற்கெனவே நெஞ்சு வலிக்காரங்க. மவன் இப்படித் துடிச்சு சாவறதைப் பாத்தாங்கன்னா ஏதாவது ஆயிடும்."

பீர் மைதீன் நல்லவன். "அல்லா காப்பாத்தணும். இந்த ஒரு ஆட்டத்துக்கு எடுத்துடுவோம்ணே, அப்புறம் ஒட்டிக்கலாம்" என்று கத்திரியை எடுத்தான். ஜெனேவியேவுக்கு நெஞ்சு வலியும் கிடையாது, ஒரு மண்ணும் கிடையாது. அதைப் பற்றி மருதையன் கவலைப்படவில்லை.

மேட்னியில் கொட்டகை நிரம்பி வழிந்தது. துப்பாக்கி வெடிக்கும்போதெல்லாம் ஜெனேவியேவ் முந்தானையால் கண்ணைப் பொத்திக்கொண்டார். கடைசி ரீல் வந்தது. ழில்பேர் குதிரையில் பாய்ந்து வந்தான். அடுத்த நொடி படம் ஒரு குதி குதித்தது. கதாநாயகன் மட்டும் தனியாக மலை ஏறிப் போனான். சுபம்.

கொட்டகை ஒரு கணம் முழித்தது. பிறகு தரை டிக்கெட்டில் ஒருவன் கத்தினான்: "டேய், நம்ம ஆளு சாவலடா!"

அவ்வளவுதான், கூரை பறந்துவிடும் போல விசில். பெஞ்சு மேல் ஏறி ஆடினார்கள். இத்தனை படங்களில் முதல் தடவையாக ழில்பேர் உயிரோடு தப்பித்துவிட்டான்! ஜெனேவியேவ் மகனின் முகத்தைத் தடவி, "மாதாவே, எம்புள்ளை பொழைச்சிட்டான்" என்று அழுதார். வாசலில் அவனைத் தோளில் தூக்கிக்கொண்டார்கள். துணை வேஷத்தில் வந்தவன் கதாநாயகனாகவே ஆகிவிட்டான். இதற்கா கத்திரி பிடிக்கச் சொன்னோம் என்று மருதையனுக்கு வாய் கசந்தது.

கூட்டத்திலிருந்து கழன்று ழில்பேர் அவனை அரசலாற்றுக் கரையோடு கடற்கரைக்குக் கூட்டிப்போனான்.

"நான் செத்தேன்டா அதுல" என்றான் ழில்பேர். "வெட்டிட்டானுவ."

மருதையன் கடலைப் பார்த்தான்.

"இத்தனை வருஷத்துல என் மூஞ்சியக் காட்டுனது அந்த ஒரு தடவைதான். ஊர்ல மத்தவங்க நான் எப்படி விழுந்தாலும் கைதட்டுவாங்க. அதை வச்சிக்கிட்டு என்ன பண்ண? நடிப்புன்னா என்னான்னு இங்க ஒனக்குத்தான் தெரியும். நீ பாத்துட்டு நல்லாருக்குன்னு ஒரு வார்த்தை சொல்லணும்னு இருந்தேன். ஒன்னைத்தான்டா நெனச்சு வந்தேன்."

ஊரின் ஒரே நடிகன் என்கிற பட்டம் இன்னும் தன்னிடம்தான் இருக்கிறது என்பது மருதையனுக்கு அப்போதுதான் புரிந்தது. புரிந்தும் மனசு குளிரவில்லை. இதைக் கூட எவ்வளவு சுலபமாகக் கொடுத்துவிடுகிறான் பார் என்று இன்னும் கொஞ்சம் எரிந்தது.

"சரி, செஞ்சு காட்டுறேன் பாரு" என்றான் ழில்பேர். சட்டென்று நெஞ்சைப் பிடித்து மணலில் விழுந்தான். வலை இழுத்துக்கொண்டிருந்த நாலு பேர் திரும்பிப் பார்த்தார்கள். கை துழாவியது, தோளில் கிடந்த துண்டை எடுத்து முகத்தில் போட்டுக்கொண்டான்.

மருதையனுக்குள் இருந்த நடிகனால் பொறுத்துக்கொள்ள முடியவில்லை.

"அவசரப்படுறே. கை தேடுறதுக்கு முன்னாடி ஒரு சிரிப்பு சிரிச்சே பாரு, அதை விட்டுட்டே."

துண்டு அசையாமல் கிடந்தது. சொன்னது என்னவென்று அப்போதுதான் மருதையனுக்கு உறைத்தது. யாரோ சொல்லக் கேட்டேன் என்று மழுப்பியிருக்கலாம். தொண்டை வரை வந்தது. வாயிலிருந்து வந்தது வேறு.

"படத்துல இதைவிட நல்லா பண்ணியிருந்தேடா."

ழில்பேர் முகத்து மணலைக்கூடத் தட்டாமல் எழுந்து உட்கார்ந்தான். யார் வெட்டியது, ஏன் வெட்டியது என்று அவன் கேட்கவே இல்லை.

"நெசமாவாடா?" என்றான்.