சம்பந்திக்கு ஒன்பது கோப்பை

கட்டிலுக்கடியில் கிடந்த அந்தக் காலிப் பெட்டிதான் வீப்கேயைத் தூங்கவிடாமல் அடித்தது.

கிழக்கே வெகுதூரத்துத் தீவிலுள்ள செமராங்கிலிருந்து வந்த சம்பந்தி சுமார்னி இரண்டு பெட்டி கொண்டுவந்திருந்தாள். ஒன்றில் துணிமணி, கிராம்பு, பட்டை, கறுத்த வெல்லம். இன்னொன்றில் ஒன்றுமே இல்லை. கடல் தாண்டி ஜெர்மனிக்கு எவளாவது காலிப் பெட்டியைச் சுமந்துகொண்டு வருவாளா? மருமகள் லாரஸுக்கு ஏழு மாதம். பெண்ணைப் பிரசவத்துக்கு அழைத்துப் போகத்தான் வந்திருக்கிறாள், வேறென்ன! அவள் போனால் பின்னாலேயே மகன் ஹின்னர்க்கும் கிளம்பிவிடுவான். ஒரே பிள்ளையைப் பெற்றவளுக்கு, பேரக்குழந்தையை போனில் பார்த்துக்கொண்டு காலம் தள்ளுகிற தலையெழுத்தா?

அன்று கிறிஸ்துமஸுக்கு முந்தைய நாலு ஞாயிறுகளில் இரண்டாவது. "டீயோட ரெண்டு ஊரு ருசியும் ஒண்ணா இருக்கணும்" என்று சொல்லிவிட்டு லாரஸ் மாடிக்குப் படுக்கப் போய்விட்டாள். ஹின்னர்க் படகுத்துறையில் வேலைக்குப் போயிருந்தான். அடுப்படியில் சம்பந்திகள் இருவர் மட்டும்.

வீப்கே ஆப்பிள் கேக்குக்கு மாவு பிசைந்தாள். சுமார்னி கேட்காமல் கொள்ளாமல் அதில் வெல்லத்தைச் சீவிப் போட்டாள்.

"அதுக்கு வெள்ளைச் சர்க்கரைதான்."

"கொஞ்சம்தான் சம்பந்தியம்மா. மாசமா இருக்கறவளுக்கு வெல்லம் நல்லது." முப்பது வருஷம் பள்ளிக்கூடத்தில் ஜெர்மன் சொல்லிக் கொடுத்தவள் சுமார்னி. இலக்கணம் பிசகாமல் பேசினாள். அதுவே வீப்கேக்கு எரிச்சலாக இருந்தது.

சுமார்னி தன் பங்குக்கு அடுக்குக் கேக் சுட்டாள். ஒரு கரண்டி மாவு, மேல்சூட்டில் சிவக்கவிட்டு, அதன்மேல் இன்னொரு கரண்டி. பதினெட்டு அடுக்கு.

"இது எங்க ஊரு கேக்காச்சே?" என்றாள் வீப்கே.

"அப்படியா? எங்க ஊர்ல பெருநாள்னா இதுதான். ஆனா பட்டையும் கிராம்பும் இல்லாட்டி யாரும் சீந்த மாட்டாங்க."

கேக்கையும் எடுத்துக்கொண்டாயிற்று, இனி குழந்தைதான் பாக்கி என்று வீப்கே உள்ளுக்குள் பொருமினாள். நசுக்கிய இஞ்சியோடு சம்பந்தியின் கை தேநீர்க் கெண்டியை நெருங்கியதும் சட்டென்று மூடியைப் பொத்திக்கொண்டாள். "டீயில மட்டும் கை வைக்காதீங்க!" சுமார்னி அந்த இஞ்சியை வெல்லப்பாகில் போட்டு ஆப்பிள் கேக்கின் தலையில் ஊற்றிவிட்டாள்.

நாலு மணிக்கே இருட்டிவிட்டது. வீப்கே ஞாயிறுக்கு ஒன்றாக இரண்டு மெழுகுவத்தியை ஏற்றினாள். கோப்பையில் கற்கண்டைப் போட்டு, அது படபடவென்று வெடிக்க டிகாக்‌ஷனை ஊற்றி, ஓரமாகப் பாலேட்டை இறக்கினாள். கேக்கை வெட்டி வைத்துவிட்டு உட்கார்ந்தாள்.

சுமார்னி தொடவில்லை. கையை மடியில் வைத்துக்கொண்டு கோப்பையையும் வீப்கேயையும் மாறிமாறிப் பார்த்தாள். ஐந்து நிமிஷம் போயிற்று. என்ன கொழுப்பு! வீப்கேயால் பொறுக்க முடியவில்லை.

"குடிங்களேன்! விஷமா கலந்து வெச்சிருக்கேன்?"

சுமார்னி ஒரே மூச்சில் குடித்துவிட்டுக் கோப்பையை வைத்தாள். கரண்டி தட்டிலேயே கிடந்தது. போதுமென்றால் கரண்டியைக் கோப்பைக்குள் போட வேண்டும். இந்த நோர்டன் ஊரில் கைக்குழந்தைக்குக்கூடத் தெரிந்த விஷயம். வீப்கே மறுபடி ஊற்றினாள். மூன்று கோப்பை ஊர் நியாயம், சரி. நாலு, ஐந்து, ஆறு. கரண்டி அசையவில்லை.

காரியத்தை முடிக்காமல் எழுந்திருக்க மாட்டாள் போலிருக்கிறதே! இரு, கெண்டி முதலில் காலியாகிறதா, நீ முதலில் வாய் திறக்கிறாயா பார்க்கலாம். வீப்கே வேண்டுமென்றே விளிம்பு வரை ஊற்றினாள்.

ஒன்பதாவது கோப்பையில் சுமார்னியின் நெற்றி வியர்த்துவிட்டது.

"ஒரு உண்மையச் சொல்லிடறேன் சம்பந்தியம்மா. லாரஸ அழைச்சிட்டுப் போகத்தான் காலிப் பெட்டியோட வந்தேன்."

வீப்கேயின் கை கெண்டியோடு அந்தரத்தில் நின்றது.

"போன்ல அழுதா. மாமியார் தட்டை வெச்சுட்டு உக்காந்துடறாங்க, சாப்பிடும்மான்னு ஒரு வார்த்தை கிடையாதுன்னு. அந்த வார்த்தை வராம நாங்க கை வைக்க மாட்டோம். நீங்க அவள ஒதுக்கறீங்கன்னு நெனச்சேன். இன்னிக்கும் அதான் தொடாம உக்காந்து பார்த்தேன்." அவள் ஏப்பத்தை அடக்கிக்கொண்டாள். "அப்புறம் ஊத்தினீங்க பாருங்க, அம்மாடி, ஒன்பது! ஊத்தறத வேண்டாம்னா மரியாதை இல்ல, வயிறு வெடிச்சாலும் குடிச்சேன். இந்தக் கையா எம்பொண்ணப் பட்டினி போடும்? அவ இங்கேயே பெத்துக்கட்டும். பெட்டி நிறைய நான் கற்கண்டு வாங்கிட்டுப் போறேன்."

மூன்று மாதத்துக்கு முன் இந்த வீட்டுக்கு வந்த புதிதில் லாரஸ் இப்படித்தான் மடியில் கை வைத்து உட்கார்ந்திருந்தாள். பிடிக்கவில்லை போலிருக்கிறது என்று தட்டை எடுத்துக் கழுவிப் போட்டது வீப்கேயேதான். எத்தனை நாள்! பாவி, வயிற்றுப்பிள்ளைக்காரியின் தட்டை. கரண்டி விஷயம் நாக்கு நுனி வரை வந்தது. அதை அப்படியே விழுங்கிவிட்டு, சம்பந்தியின் கரண்டியைத் தானே எடுத்து அவளுடைய கோப்பைக்குள் போட்டாள்.

லாரஸ் வயிற்றைப் பிடித்துக்கொண்டு படியிறங்கி வந்து உட்கார்ந்தாள். கை மடிக்குப் போயிற்று.

வீப்கே அடுக்குக் கேக்கில் பெரிய துண்டாக வெட்டி அவள் தட்டில் வைத்தாள்.

"சாப்பிடும்மா."

லாரஸ் நிமிர்ந்து மாமியாரைப் பார்த்தாள். பிறகு சாப்பிட ஆரம்பித்தாள்.