செத்த சுறா கடிக்குமா?

கடித்தவன் அப்போது உயிரோடு இல்லை. அதுதான் சிக்கல்.

தேவிபிரியா திரையில் மறுபடி படித்தாள். ஃபுளோரிடாவில் ஒரு மீனவர். படகில் செத்துக் கிடந்த சுறாவின் வாயிலிருந்து தூண்டில் முள்ளைக் கழற்றப் போயிருக்கிறார். வாய் படக்கென்று மூடிக்கொண்டது. 'செத்த சுறா கடித்து வலது கையில் காயம்' என்று டாக்டர் எழுதியிருந்தார்.

அமெரிக்க டாக்டர்கள் எழுதுவதை இன்சூரன்ஸ்காரர்களுக்காக கோடு எண்களாக மாற்றுவது அவள் வேலை. அருப்புக்கோட்டையில், ஒரு ஜவுளிக்கடை மாடியில் ஆபீஸ். புதிதாக ஆபீஸுக்கு வேலை கொடுத்த அமெரிக்க ஆஸ்பத்திரி கடற்கரை ஓரம் என்பதால் வாரம் பூராவும் ஒரே கவிச்சி. டால்பின் கடித்தால் தனிக் கோடு, டால்பின் மோதினால் தனிக் கோடு. குடிதண்ணீரே லாரியில் வருகிற ஊரில் உட்கார்ந்துகொண்டு, திமிங்கிலம் இடித்தவனுக்கு நம்பர் தேடிக்கொண்டிருந்தாள்.

இன்றைக்கு ஒரு தப்பு விழுந்தாலும் சாயங்காலம் ஐடி கார்டைக் கழற்றிக் கொடுத்துவிட்டுப் போக வேண்டியதுதான். கடைசி எச்சரிக்கை கொடுத்தாயிற்று. வீட்டில் அம்மா அந்த நல்ல செய்திக்காகவே ஜாதகத்தைத் தூசி தட்டி வைத்திருந்தாள்.

'சுறா கடித்தது' என்ற கோடு எண்ணைப் போட்டு அனுப்பினாள்.

அனுப்பிய சூட்டோடு ஆடிட்டர் கார்த்தீஸ்வரன் நாற்காலியோடு உருண்டு வந்தான். தப்புக் கண்டுபிடிக்கச் சம்பளம் வாங்குகிறவன். காலையில் சொந்த ஊர் பாலவனத்தத்தில் பஸ் ஏறினால் டிக்கெட்டிலேயே தப்புத் தேட ஆரம்பித்துவிடுவான்.

"செத்தது எப்படிம்மா கடிக்கும்? பல்லுல கை பட்டிருக்கு. 'சுறாவோட வேற விதத் தொடர்பு'ன்னு போடணும். தப்பு!"

"கடிச்சுச்சுன்னுதானண்ணே டாக்டர் எழுதியிருக்காரு? அவுக எழுதுறததான் போடணும்னு ட்ரெய்னிங்ல நீங்கதான சொன்னீக?"

"அது உயிரோட இருக்குறதுக்கு."

பக்கத்து சீட்டு காளிராஜ் ஹெட்போனைக் கழற்றினான். நரிக்குடிக்காரன். "அண்ணே, எங்க கம்மாய்ல மீன் பிடிக்கிறப்ப வந்து பாருங்க. அறுத்துப் போட்ட விரால் தல கூடக் கடிக்கும்."

"கத விடாத."

"கடிச்சா, போட்ட தப்ப வாபஸ் வாங்குவிகளா?"

"வாங்குறேன்டா. கடிக்கலேன்னா இவளோட சேந்து நீயும் கார்டக் கழட்டு."

"ஏலே காளி, வேணாம்லே," என்றாள் தேவிபிரியா. அதற்குள் இருவரும் படியில் இறங்கிக்கொண்டிருந்தார்கள். அவளும் பின்னாலேயே ஓடினாள்.

கீழே ரோட்டோரம் கருத்தம்மாள் கண்மாய் மீன் விற்றுக்கொண்டிருந்தாள். அப்போதுதான் ஒரு விராலின் தலையை அருவாமனையில் அறுத்துச் சாக்கில் போட்டிருந்தாள். தலை வாயைப் பிளந்துகொண்டு கிடந்தது.

"யப்பே, கைய வைக்காதிக. கோவக்கார மீனு அது."

"செத்த மீனுக்கு என்ன ஆத்தா கோவம்?"

"நீ செத்துப் பாரு, தெரியும்."

கார்த்தீஸ்வரன் ஆள்காட்டி விரலை உள்ளே விட்டான். ஒன்றும் ஆகவில்லை. அவன் வெற்றிச் சிரிப்போடு திரும்பினான்.

"பாத்தியா? பாத்தியா? கடிக்க..."

படக்!

அவன் போட்ட சத்தத்தில் மதுரை பஸ் பிரேக் அடித்து நின்றது. கண்டக்டர் தலையை நீட்டினார். "என்னப்பா?"

"சுறா கடிச்சிருச்சுண்ணே, நீங்க போங்க!" என்றான் காளிராஜ்.

விரால் விடுவதாக இல்லை. கருத்தம்மாள் கத்திப் பிடியால் வாயை நெம்பினாள். "இனி இந்தத் தலைய எவ வாங்குவா?"

பக்கத்துத் தெரு கிளினிக்கில் டாக்டர் மூக்குக்கண்ணாடியை இறக்கிப் பார்த்தார்.

"என்ன ஆச்சு?"

"மீனு கடிச்சிருச்சு சார்."

"உயிரோடயா?"

"வெறும் தல சார்."

"தலையா? அப்ப பல்லுல கை பட்டிருக்கும். அப்படியே எழுதிக்கிறேன்."

கார்த்தீஸ்வரனுக்கு ரத்தம் மண்டைக்கு ஏறிவிட்டது. "படல சார்! கடிச்சுச்சு! விடவே மாட்டேன்னுச்சு! 'கடி'ன்னே எழுதுங்க!"

சொல்லி முடித்த பிறகுதான் வாசல் பக்கம் பார்த்தான். தேவிபிரியா கையைக் கட்டிக்கொண்டு நின்றிருந்தாள்.

மாடிக்குத் திரும்பியதும் இடது கையாலேயே தட்டித் தட்டி, அவள் பேரில் போட்டிருந்த தப்பை எடுத்துவிட்டான். அவள் கழுத்தில் ஐடி கார்டு பத்திரமாகத் தொங்கியது. அடுத்த ஆளின் ஃபைலைத் திறந்தாள். ஜெல்லி மீன்.

"அண்ணே, இது உயிரோட இருந்துச்சா, செத்துச்சான்னு எழுதலையே?"

கட்டுப்போட்ட விரலைத் தூக்கிப் பிடித்தபடி அவன் நாற்காலியைப் பின்னுக்கு உருட்டினான்.

"டாக்டர் என்ன எழுதியிருக்காரோ அதப் போடு தாயி."