சிப்பி மாவு

மார்கழிப் பனியில் ஊர் இன்னும் போர்வைக்குள் இருக்கும்போதே, காலை ஐந்து மணிக்குச் சாணைச் சக்கரங்கள் சுழலத் தொடங்கிவிடும். அடி அண்ணாமலையில், கிரிவலப் பாதையிலிருந்து ஒரு சந்துக்குள் போனால் தகரக் கூரை போட்ட பட்டறை. பத்துப் பேர், ஏழு சக்கரம், ஒரே ஒரு சன்னல். தூசி வருகிறதென்று எதிர்வீட்டுக்காரர் சண்டை போட்டதிலிருந்து அந்தச் சன்னலும் சாத்தியே கிடக்கிறது. எதிர்வீட்டுக்கு ஆகாத தூசி உள்ளே இருக்கும் பத்துப் பேருக்கு ஆகும் என்று முடிவாகிவிட்டது.

கன்னியம்மாள் முத்துச்சிப்பி ஓட்டை இரண்டு விரலால் பிடித்துச் சக்கரத்தில் கொடுத்தாள். மேலே இருக்கும் கறுத்த சொரசொரப்பு போக வேண்டும், உள்ளே இருக்கும் பளபளப்பு கெடக் கூடாது. கொஞ்சம் கூடுதலாக அழுத்தினால் ஓடு விண்டு விரலையும் சேர்த்துக் கிழிக்கும். அவளுடைய ஆள்காட்டி விரலில் நகம் பாதிதான். அதெல்லாம் பழகிவிட்டது. பழகாதது தூசிதான். தீய்ந்த மயிர் நாற்றத்தோடு அது புருவத்தில் படிந்தது, மூக்கில் கட்டிய துணிக்குள் புகுந்தது, தொண்டையில் அரித்தது.

ஒவ்வொரு சக்கரத்துக்கும் மேலே ஒரு சின்னக் குழாய் உண்டு. தண்ணீர் சொட்டச் சொட்ட அரைத்தால் தூசி பறக்காது, சேறாகக் கீழே இறங்கிவிடும். முன்பெல்லாம் அப்படித்தான் அரைத்தார்கள். இரண்டு வருஷத்துக்கு முன்னால் கோடையில் பட்டறையின் போர்க் கிணறு வற்றியது. அந்த ஒரு மாதம் காய அரைத்தபோதுதான், ஈரம் உலரக் காத்திருக்க வேண்டாம், சங்கிலியில் கோக்கும் டாலர் நாளுக்கு நாற்பது ஜாஸ்தி எழும் என்பதை முதலாளி பரசுராமன் கண்டுகொண்டார். ஐப்பசியில் மழை பெய்து போரில் தண்ணீர் ஊறியது. குழாயை மட்டும் யாரும் திறக்கவில்லை.

டாலரும் கம்மலும் செங்கம் ரோட்டில், ஆசிரமத்துக்குப் பக்கத்தில் இருக்கும் அவருடைய கடைக்குப் போகும். அங்கே வரும் வெள்ளைக்காரர்களுக்குப் பரசுராமன் கதை சொல்லுவார். சிப்பிக்குள் ஒரு தூசி புகுந்தால் அது கோபப்படாதாம். பொறுமையாக அதைச் சுற்றிப் பூசிப் பூசி முத்தாக்கிவிடுமாம். அந்தப் பொறுமைதான் தாய்மையாம். கேட்பவர்கள் கண்ணை மூடிக்கொண்டு டாலரை நெஞ்சில் வைத்துக்கொள்வார்கள். அந்தக் கதையின் சுருக்கத்தை அச்சடித்து ஒவ்வொரு பெட்டியிலும் வைப்பது எழிலரசியின் வேலை. பி.எஸ்சி. படித்தவள். 'முத்துச்சிப்பி, முத்தைப் பெற்ற தாய். அணிபவரின் மூச்சைச் சீராக்கும். குழந்தைகளைத் தீங்கு அண்டாமல் காக்கும்.' சீட்டில் அப்படித்தான் போட்டிருந்தது.

சாயந்திரம் பெருக்கினால் வெள்ளை மாவு மூட்டை மூட்டையாகச் சேரும். கொட்ட இடமில்லை. போன பொங்கலுக்குப் பரசுராமன் எல்லாரையும் கூப்பிட்டு நிறுத்தினார்.

"லட்சுமி பொறந்தது எங்க? கடல்ல. சிப்பி பொறந்தது எங்க? அதே கடல்ல. இதைக் குப்பைல போடலாமா? ஆளுக்கு ரெண்டு படி எடுத்துட்டுப் போய் வாசல்ல கோலம் போடுங்க. வீட்டுக்குக் கடாட்சம்."

குப்பைக்கு ஆள் கூலியும் மிச்சம், கும்பிடும் கிடைத்தது. வெயில் பட்டால் அந்த மாவுக் கோலம் மினுமினுக்கும். பெண்களுக்கு வாயெல்லாம் பல். கன்னியம்மாள் தன் தெருவுக்கே அள்ளிக் கொடுத்தாள். அவளுடைய ஒன்பது வயது மகள் ஓவியா தினமும் அதில்தான் கோலம் போட்டாள். முகத்தைத் தரைக்கு ஒட்டினாற்போல வைத்துக்கொண்டு போடுவாள். புள்ளி தப்பினால் வாயால் ஊதி அழிப்பாள்.

அன்று பத்து மணிக்குப் பள்ளிக்கூடத்திலிருந்து போன் வந்தது. ஓவியாவால் மூச்சு விட முடியவில்லை.

"பௌர்ணமிக்கு ஒம்போது நாள்தான் இருக்கு," என்றார் பரசுராமன். "இப்ப நீ எழுந்து போனா நாளைக்கு வராத."

கன்னியம்மாள் சக்கரத்தை நிறுத்திவிட்டு ஓடினாள்.

பெரியாஸ்பத்திரியில் பிள்ளைக்கு முகமூடி மாட்டி மருந்துப் புகை வைத்திருந்தார்கள். விலா எலும்புகள் உள்ளே போய்ப் போய் வந்தன. டாக்டரம்மா ஓவியாவைப் பார்த்தார், பிறகு கன்னியம்மாளின் வெளுத்த புருவத்தைப் பார்த்தார்.

"வீட்ல எதுனா தூசி இருக்கா? மாவு மெஷின், பெயிண்ட்டு?"

"இல்லீங்க. கோலம்தான் போடுவா."

"எந்த மாவுல?"

கன்னியம்மாள் சொன்னாள். எழுதிக்கொண்டிருந்த டாக்டரம்மா பேனாவை வைத்துவிட்டார்.

"சிப்பித் தூளைப் புள்ளைகிட்ட குடுத்து ஊத விட்டிருக்கீங்களா? மூச்சுக்குழாய் சுருங்கிப் போயிருக்கும்மா. இனிமே அந்தத் தூசி இவ மேல படவே கூடாது. உங்களுக்கும் ஒரு எக்ஸ்ரே எடுக்கணும்."

புருஷன் பெங்களூரில் கட்டட வேலை. பிள்ளைக்கு அப்பாவும் அவள்தான், அம்மாவும் அவள்தான். அந்த அம்மாதான் மடியில் கட்டிக்கொண்டு வந்து டப்பாவில் கொட்டினாள். 'நல்லா போடு கண்ணு' என்று பக்கத்தில் நின்று ரசித்தாள். சுவரில் தலையை முட்டிக்கொள்ளலாம் போல இருந்தது. முட்டிக்கொள்ளவும் நேரமில்லை. தெருவில் இன்னும் எத்தனை வீட்டில் அந்த டப்பா இருக்கிறது என்ற நினைப்பு வந்ததும் அவள் எழுந்துவிட்டாள்.

தன் எதிர்வீட்டு சரோஜாவை வரவழைத்துப் பிள்ளைக்குத் துணை வைத்துவிட்டு ஊருக்கு வந்தாள். வீடு வீடாக ஏறினாள்.

"அந்த மாவைப் போடாதீங்க. எங்கிட்டயே குடுத்துடுங்க. என் பொண்ணு மூச்சு விட முடியாம கெடக்குறா. தெரியாம குடுத்துட்டேன்."

முதல் வீட்டில் வாசலிலேயே திட்டு விழுந்தது. "கடாட்சம் கடாட்சம்னு நீதானடி குடுத்த?" கன்னியம்மாள் டப்பாவை வாங்கிக்கொண்டாள். இரண்டாம் வீட்டிலும் அதே கதை. மூன்றாவது, அவளோடு பட்டறையில் சிப்பி அறுக்கும் ராமதாஸின் வீடு. டப்பாவை எடுத்து வந்தவன் அதைக் கொடுக்காமல் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றான்.

"எங்க சின்னவனுக்கு ரெண்டு மாசமா இழுப்பு. பனின்னு நெனச்சி கஷாயம் வெச்சிக் குடுத்துக்கினு இருக்கோம்." டப்பாவைத் திறந்து மாவைப் பார்த்தான். "பனி இல்லியா அப்ப?"

அதற்குப் பிறகு எந்த வீட்டிலும் யாரும் திட்டவில்லை; இன்னும் இரண்டு வீட்டுப் பிள்ளைகளுக்கும் இழுப்பு இருந்தது. விளக்கு வைக்கும் நேரத்தில் கன்னியம்மாள் வீட்டு வாசலில் பதினான்கு டப்பாக்கள் சேர்ந்திருந்தன. பட்டறை ஆட்களும் வந்து நின்றார்கள். எழிலரசி அழுதுகொண்டே சொன்னாள்:

"மூச்சைச் சீராக்கும்னு தெனம் சீட்டு வெக்கிறது நான்தான்க்கா."

"அழுவாத. இப்ப என்ன செய்றதுன்னு சொல்லு," என்றாள் கன்னியம்மாள்.

"குழாயைத் தெறக்கச் சொல்லணும். வேற என்ன?"

"வேற ஆளைக் கொண்டாந்துடுவாரே," என்றான் ராமதாஸ்.

"கொண்டாரட்டும். அவங்க வீட்லயும் புள்ளைங்க இருக்கும்," என்றாள் கன்னியம்மாள். சொல்லிவிட்டாளே தவிர, நாளைக்கு வேலை போனால் ஓவியாவின் மருந்துக்கு என்ன வழி என்று அவளுக்குத் தெரியவில்லை. அங்கே நின்ற யாருக்கும் தெரியவில்லை. இருந்தும் ஒருவரும் கலையவில்லை.

மறுநாள் காலை ஐந்து மணிக்குச் சக்கரம் சுழலவில்லை. பத்துப் பேரும் கேட்டுக்கு வெளியே டப்பாக்களோடு நின்றார்கள். விடிந்த பிறகு பரசுராமன் காரில் வந்து இறங்கினார்.

"என்ன கூத்து இது? முதல்ல உள்ள போய் உக்காருங்க, அப்புறம் பேசலாம்."

"முதல்ல குழாயைத் தெறங்க சார். அப்புறம் உக்காருறோம்," என்றாள் எழிலரசி.

"தண்ணி வுட்டு அரைச்சா பௌர்ணமிக்குச் சரக்கு எப்படிப் போகும்? நீயா வந்து அரைப்ப? ஒரு புள்ளைக்கு வீசிங் வந்தா அதுக்குப் பட்டறை என்ன பண்ணும்?"

"ஒரு புள்ளை இல்ல சார். எங்க தெருவுல நாலு புள்ளைங்க," என்றான் ராமதாஸ்.

பரசுராமன் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். சந்தின் முனையில் ஒரு வேன் திரும்பியது. கீழ்பென்னாத்தூரிலிருந்து பன்னிரண்டு பெண்கள், மடியில் சோற்றுத் தூக்கோடு. எப்போது போன் போட்டாரோ, ஆள் வந்துவிட்டது. ராமதாஸின் முகம் செத்துப்போனது. கன்னியம்மாள் ஒரு டப்பாவைத் திறந்து எடுத்துக்கொண்டு முதலாளிக்கு நேரே போனாள்.

"இந்தாங்க சார், கடாட்சம். உங்க வீட்டு வாசல்ல போடுங்க. உங்க பேத்தியை விட்டுப் போடச் சொல்லுங்க."

டப்பா முகத்துக்கு அருகில் வந்ததும் பரசுராமன் சட்டென்று இரண்டடி பின்னால் போனார். கை தானாகவே கைக்குட்டையை எடுத்து மூக்கை மூடியது.

வேனில் இருந்தவர்கள் எல்லாரும் அதைப் பார்த்தார்கள்.

"சிப்பி தூசியை முத்தாக்கும்னு சொல்லுவீங்களே சார்," என்றாள் கன்னியம்மாள். அவளுக்குக் கண்ணீர் வழிந்தது, துடைக்கவில்லை. "எம் பொண்ணு நெஞ்சுக்கு அது தெரியலைங்க. அடைச்சிக்கத்தான் தெரிஞ்சிது."

வேன் படியில் நின்ற ஒருத்தி, அருணாதேவி என்று பெயர், சாணை வேலை தெரிந்தவள், பரசுராமனைக் கேட்டாள்:

"உள்ள தண்ணி வுட்டு அரைக்கிறாங்களாங்க, காயத்தானா?"

"அதெல்லாம் உனக்கெதுக்கும்மா? இஷ்டம் இருந்தா வேலை செய், இல்லாட்டிக் கெளம்பு."

அருணாதேவி இறங்கினாள். கேட்டுக்குள் போகாமல் கன்னியம்மாள் பக்கத்தில் வந்து நின்றாள். இன்னும் ஆறு பேர் இறங்கி வந்தார்கள். மூன்று பேர் வேனைவிட்டு இறங்கவேயில்லை. இரண்டு பேர் தலையைக் குனிந்துகொண்டு உள்ளே போனார்கள். அவர்களை யாரும் ஏசவில்லை, என்ன கஷ்டமோ.

"நாளைக்கு வேற ஊர்லேர்ந்து வண்டி வரும்," என்று சொல்லிவிட்டுப் பரசுராமன் கேட்டைச் சாத்திக்கொண்டார். அவர் செய்யக்கூடியவர்தான்.

"வரட்டும்," என்றாள் அருணாதேவி. "எங்க புள்ளைங்களையும் பார்த்துட்டு நாங்களும் இங்கதான் வந்து நிப்போம்."

உள்ளே ஒரே ஒரு சக்கரம் சுழலும் சத்தம் கேட்டது. ஆஸ்பத்திரியில் ஓவியாவுக்கு அடுத்த புகை வைக்கும் நேரம் நெருங்கிக்கொண்டிருந்தது. மலை உச்சியில் வெயில் ஏறியது. காற்று எழுந்தால் இந்த மாவு மறுபடியும் தெருவுக்குள்தான் போகும். எழிலரசி பக்கத்து வீட்டில் இரண்டு குடம் தண்ணீர் வாங்கி வந்தாள். அருணாதேவி ஒரு குடத்தை வாங்கிக்கொண்டாள். பதினான்கு டப்பாக்களையும் வரிசையாக வைத்து, ஒவ்வொன்றாகத் தண்ணீர் ஊற்றினார்கள். மாவு அடங்கிச் சேறாயிற்று.