பாண்தூளின் கோட்டு

செத்தவர்களுக்குக் கோட்டுப் போடுவதுதான் என் தொழில். கேட்கப் பகிடியாக இருக்கும், இருக்கட்டும். ஸ்காபரோவில் ஒரு பிளாசாவின் மூலையில் ஸ்ரூடியோ வைத்திருக்கிறேன். எங்கள் சனத்தில் ஒருவர் கண்ணை மூடினால் செத்தவீட்டில் வைக்கவென்று பிள்ளைகள் ஏதாவது பிறந்தநாள் படத்தைத் தூக்கிக்கொண்டு வருவார்கள். கையில் கேக், வாய் நிறையச் சிரிப்பு. நான் கேக்கை அழிப்பேன், வாயை மூடுவேன், கொம்பியூட்டரில் கடும்நீலக் கோட்டும் கழுத்தில் சிவப்பு ரையும் மாட்டிவிடுவேன். வாழ்நாள் முழுக்கச் சாரத்தோடு திரிந்த மனுசனும் வங்கி மனேஜர் ஆகிவிடுவார். கோட்டு ஒன்றே ஒன்றுதான். தலைதான் மாறும்.

என் மனுசன் மாக்கஸுக்கும் அதே கோட்டைத்தான் போட்டேன். கல்லாவுக்கு மேலே சுவரில், நான் கோட்டுப் போட்ட மற்றவர்களோடு தொங்குகிறார். அவர் போன பிறகு எனக்குச் சிரிப்பு வருவதில்லை. வராதென்றால் வராது. பகிடி விளங்கும், வாய் மட்டும் அசையாது. சனம் அதற்கு ‘நிரோஷினிக்குத் தலைக்கனம்’ என்று பெயர் வைத்தது. வைக்கட்டுமே.

பனி கொட்டிக்கொண்டிருந்த ஒரு மத்தியானம் அந்தக் கிழவர் உள்ளே வந்தார். கிளிப் படம் போட்ட மஞ்சள் சேட்டு உடுத்தியிருந்தார். பனிக்கால யக்கெற்றைக் கழற்றப்போய் ஒரு கை உள்ளே மாட்டிக்கொள்ள, அதை இழுக்கப்போய் மற்றக் கையும் மாட்டிக்கொண்டது. பக்கத்துச் சீலைக்கடை யோகராணி என்னோடு தேத்தண்ணி குடித்துக்கொண்டிருந்தாள். அவள் சிரித்த சிரிப்பில் தேத்தண்ணி மூக்கால் வந்தது.

“ஐயோ அக்கா, உந்த மனுசனைப் பாருங்கோவன்! எனக்கு வயிறு நோகுது.”

“கையைக் கழட்டத் தெரியாத ஆளிட்ட என்னடி சிரிப்பு?” என்றேன்.

கிழவர் என்னைக் கூர்ந்து பார்த்தார். இரண்டு கைகளையும் சர்வசாதாரணமாக வெளியே எடுத்தார். அப்போதுதான் விளங்கியது, அவ்வளவும் நடிப்பு.

பெயர் எவரிஸ்ரோ. டோர்செட் பார்க் மாடிக் கட்டடமொன்றில் மகள் லூப்பேயோடு இருக்கிறார். மெக்சிகோவில் சினிமாப் பகிடிக்காரராம். திரையில் ‘மிகாஹா’ என்று பெயராம். பேக்கரிப் பாணைப் பிய்த்துத் தின்ற பிறகு மேசையில் கிடக்கும் பாண்தூளுக்கு அவர்கள் சொல்லும் சொல் அது. அவருடைய இங்கிலிசும் என்னுடைய இங்கிலிசும் ஒன்றுக்கொன்று முட்டுக்கொடுத்துத்தான் நின்றன. ஆனாலும் கதை நின்றதில்லை. பின்னேரங்களில் வருவார், நீலவானமும் முகிலும் கீறிய என் பழைய திரைக்கு முன்னால் கதிரையைப் போட்டு உட்காருவார். கண்ணாடிக்கு வெளியே பனி, அவருக்குப் பின்னால் நீலவானம். எந்த ஊரில் இருக்கிறோம் என்பது எனக்கே மறந்துபோகும்.

பெடியனாக இருந்தபோது படப்பிடிப்பு நடந்த இடத்துக்குப் பாண் விற்கப் போனாராம். ஏணியில் நின்று எட்டிப் பார்த்தபோது கால் தவறி, காதலைச் சொல்லிக்கொண்டிருந்த கதாநாயகனுக்கு மேலே பாண்கூடையோடு விழுந்திருக்கிறார். டைரக்டர் அதைப் படத்திலேயே வைத்துவிட்டார். அதற்குப் பிறகு விழுவதே உத்தியோகம். கழுதையிலிருந்து, மணிக்கூண்டிலிருந்து, கல்யாண வீட்டுக் கூரையிலிருந்து. சொந்தத் தாயின் செத்தவீட்டில் உண்மையாகவே தடக்கி விழுந்தபோதும் சனம் சிரித்ததாம். பிறகு நிறப்படம் வந்தது, வாய் வேகமான புதுப் பெடியள் வந்தார்கள். விழுகிறவரை யாரும் கூப்பிடவில்லை.

“கோபம் வரேல்லையா?” என்று கேட்டேன்.

“சிரிக்காதவர்கள்மேல்தான் எனக்குக் கோபம்” என்று என்னைச் சுட்டினார். “உன்னைச் சிரிக்க வைக்காமல் நான் சாகப்போவதில்லை.”

“அப்ப நீங்கள் நூறு வயசு இருக்கத்தான் போறியள்.”

தன் போனில் பழைய கறுப்புவெள்ளைப் படமொன்று காட்டினார், சத்தம் இல்லாமல். மணிக்கூண்டிலிருந்து மெதுவாக விழுந்துகொண்டே இருந்தார், புறா இறகு விழுவதுபோல. அன்றிரவு கனவிலும் விழுந்தார். கீழே மாக்கஸ் அந்த நீலக் கோட்டோடு கைகளை ஏந்திக்கொண்டு நின்றார். இருவரும் பனிக்குள் கதைத்துக்கொண்டு நடந்தார்கள். காலடித் தடமே விழவில்லை. என்ன கதைக்கிறீர்கள் என்று கூப்பிட்டேன், திரும்பிப் பார்க்கவில்லை.

மாசி மாதம் இருமலோடு வந்தார். மெலிந்திருந்தார். செத்தவீட்டுப் படம் எடுக்க வேண்டும் என்றார்.

“என்ன விசர்க்கதை கதைக்கிறியள்?”

“இவர்களைப்போல” என்று சுவரைக் காட்டினார். “வாழ்க்கையில் ஒரு படத்திலாவது பெரியமனுசனாக இருக்கிறேன்.”

எடுத்தேன். கிளிச் சேட்டோடுதான் இருந்தார். பக்கத்தில் உட்காரவைத்து, அவர் பார்க்கப் பார்க்கவே கிளிகளை அழித்துக் கோட்டை மாட்டினேன். கழுத்துப் பொருந்தவில்லை, மவுஸால் கிள்ளி இழுத்தேன். மனுசன் இருமியிருமிச் சிரித்தார். பிறகு என் தலைக்கு மேலே மாக்கஸைப் பார்த்தார், திரையைப் பார்த்தார், மறுபடி மாக்கஸைப் பார்த்தார்.

“எங்கள் இருவருக்கும் ஒரே தையல்காரரோ?”

எனக்குக் கண் கலங்கியது. வாய் அசையவில்லை. முதல் தடவையாக அவர் முகம் விழுந்துபோனதைக் கண்டேன். படத்தைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு போனார். அந்த மனுசனுக்காக ஒரு பொய்ச் சிரிப்பாவது சிரித்திருக்கலாமே என்று என்னையே திட்டிக்கொண்டேன்.

பங்குனிப் பனி உருகத் தொடங்கியிருந்தபோது லூப்பே கடைக்கு வந்தாள். அழுதழுது கண் வீங்கியிருந்தது. கையில் உடுப்புத் தொங்கப்போடும் வெறும் கொழுவி.

“அப்பா செவ்வாய்க்கிழமை போய்விட்டார்” என்றாள். “கோட்டை எடுக்க வந்தேன்.”

“எந்தக் கோட்டு?”

“நீங்கள் எடுத்த படத்தில் போட்டிருக்கிறாரே, நீலக் கோட்டு. அதைப் போட்டுத்தான் தன்னைப் புதைக்க வேண்டுமென்று கடைசியாகச் சொன்னார். உங்கள் கடையில் இருக்கிறதாம்.”

“பிள்ளை, அப்படி ஒரு கோட்டே இல்லை” என்றேன்.

அவள் முகம் சிவந்துவிட்டது. “நீங்கள் இப்படித்தான் சொல்வீர்கள் என்று அப்பா சொன்னார். நல்ல மனுசி, ஆனால் கோட்டு விசயத்தில் கல்நெஞ்சுக்காரி, விடாதே, சண்டை பிடி என்று சொன்னார்!” கொழுவியால் என் மேசையில் ஒரு தட்டுத் தட்டினாள்.

கொம்பியூட்டரைத் திருப்பினேன். திரையின் நடுவில் தலையில்லாத கோட்டு தன்பாட்டில் நின்றது. பிறகு சுவரைக் காட்டினேன். பத்மநாதன் மாஸ்ரர் நீலக் கோட்டு. அருள்நாயகம் அங்கிள் நீலக் கோட்டு. கிளிபோட் அண்ணை நீலக் கோட்டு. லூப்பே ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டே போனாள். கொழுவி கீழே விழுந்தது.

“அவருக்குத் தெரியுமா?”

“பக்கத்தில இருந்து பாத்தவர்.”

அவள் வாயைப் பொத்தினாள். விரல்களுக்குள்ளால் சிரிப்புப் பீறிட்டது. “அப்பா!” என்று கத்திக்கொண்டே தரையில் குந்தியிருந்து சிரித்தாள்.

நான் நிமிர்ந்து மாக்கஸைப் பார்த்தேன். பெனியனோடு மீன் வெட்டுகிற மனுசன். எங்கள் கல்யாணத்துக்கே கோட்டுப் போட மாட்டேனென்று அடம்பிடித்த மனுசன். அவருக்குப் பக்கத்தில் ஒரு பாண்தூள் நின்று, தையல்காரர் ஆர் என்று விசாரிக்கிறதுபோல இருந்தது. எனக்குள்ளே ஏதோ தடக்கியது. அவ்வளவுதான், விழுந்துவிட்டேன். வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தேன். யோகராணி ஓடிவந்து, “அக்கா, என்ன நடந்தது, என்ன நடந்தது?” என்று என்னை உலுக்கினாள். அப்போதுதான் அழுகை வந்தது. மாக்கஸின் செத்தவீட்டில் வராமல் நின்ற அழுகை அவ்வளவும் வந்தது.

கிளிச் சேட்டோடுதான் அவரைப் பெட்டியில் வைத்திருந்தார்கள். தலைமாட்டில் நான் செய்த படம், கோட்டும் ரையுமாக. என் முறை வந்தபோது குனிந்து, அவருக்கு விளங்காத என் பாஷையில், தோற்றுப்போனவளாகக் காதுக்குள் சொன்னேன்.

“வெண்டிட்டியள், ஐயா.”