ரோஜாவுக்குப் பாதிக் கவாத்து

நாராயணசாமி லேசில் யாரையும் நம்புகிற ஆள் இல்லை. கடைக்காரன் தராசையும் நம்பமாட்டார், பஸ் இதோ வருகிறது என்பவனையும் நம்பமாட்டார். அவரிடம் போய் பக்கத்து வீட்டு அத்தியா, "தாத்தா, ரோசாவ முழங்கால் உசரத்துக்கு வெட்டி வுடுங்க, பூக்கும்" என்றாள்.

அவர் கையால் நட்ட செடி. ஆள் உயரம் வளர்ந்தும் இரண்டு வருடமாக வெறும் இலைதான். பொங்கலுக்குள் பூக்காவிட்டால் பிடுங்கிப் போட்டு அந்த இடத்தில் ஆட்டுக் கொட்டகை போடுவதாக மனைவி கொளஞ்சியம்மாள் சொல்லிவிட்டாள். சொன்னால் செய்கிறவள். கொட்டகைக்குக் கழிகூட வந்து இறங்கிவிட்டது.

"வளந்த செடிய வெட்டச் சொல்றா பாரு. அவ வூட்டுல மட்டும் பூக்கணும்னு நெனைக்கிறா."

"அவ வூட்டுல கூடை கூடையாப் பூக்குது. உன் ஒத்தச் செடியில அவளுக்கு இன்னாய்யா கம்மியாயிடும்?" என்றாள் கொளஞ்சியம்மாள்.

ஐப்பசி மழை விட்டிருந்த ஒரு காலையில் கவாத்து செய்யக் கத்தரியை எடுத்தார். கிழக்குப் பக்கத்துக் கொம்புகளை மட்டும் முழங்காலளவுக்கு வெட்டினார். மேற்கில் கைவைக்கவில்லை. அவள் சொன்னது பொய்யாகப் போனால் பாதிச் செடியாவது மிஞ்சுமே!

தெருவில் போன சின்னதுரை நின்று பார்த்தான். "இன்னா மாமா, முடிவெட்டுறவன் பாதியில எழுந்து ஓடிட்டானா?"

"உன் வேலையப் பாத்துக்கினு போடா!"

பதினைந்தே நாளில் கிழக்குக் கணுக்களில் சிவப்பாகத் துளிர் வந்தது. மார்கழி பிறந்தபோது அந்தப் பக்கம் ஏழு பூ. மேற்கில் அதே இலை. கொளஞ்சியம்மாள் ஒன்றைப் பறித்துத் தலையில் செருகிக்கொண்டு, கழிகளைக் கொல்லைப்புறம் இழுத்துப் போனாள்.

நாராயணசாமி அத்தியா வீட்டு வாசலில் போய் நின்றார். "மீதியையும் நீயே வந்து வெட்டும்மா."

"இப்பவாவது என்னை நம்புறீங்களா தாத்தா?"

"நம்பறதாவது! பாதி பூத்துச்சு, மீதியும் பூக்குதான்னு பாக்கணும், அவ்ளோதான்."

அத்தியா சிரித்துக்கொண்டே வந்தாள். வெளிப்பக்கம் பார்க்கும் கணுவுக்கு மேலே சாய்வாக வெட்டிக்கொண்டு வந்தவள், கடைசிக் கொம்பில் இடத்தைத் தொட்டுக் காட்டிக் கத்தரியை அவரிடம் நீட்டினாள்.

அவர் குனிந்து, அவள் காட்டியதற்கும் ஒரு கணு கீழே வெட்டினார்.